செப்டம்பரில் மந்தை திரும்பும்

ஷ்னால்ஸ் பள்ளத்தாக்கு
9 ஜூன் 1940

அன்புள்ள தம்பி காசியனுக்கு,

சேசுவுக்குத் தோத்திரம். அக்கா நோட்பர்கா எழுதுகிறேன். நீ, ஒத்தீலியா, பிள்ளைகள் எல்லோரும் சுகமா? இன்ஸ்ப்ருக் தண்ணீர் குழந்தைகளுக்கு ஒத்துக்கொண்டதா? எனக்கு முழங்கால் வலிதான் பாடாய்ப் படுத்துகிறது. மற்றபடி சாமியார் வீட்டு அடுப்படியில் பழையபடி பொழுது போகிறது.

நீ மார்ச்சில் வண்டி ஏறியபோது நான் வழியனுப்ப வரவில்லை. அதை இப்போது கிளற வேண்டாம். ரோமும் பெர்லினும் கூடிப் பேசி, "ஜெர்மன் பேசுகிறவன் ஜெர்மனிக்குப் போ, இல்லையா, இங்கேயே கிடந்து இத்தாலியனாகு" என்று சொன்ன நாளிலிருந்து இந்தப் பள்ளத்தாக்கில் யார் யாரோடு முகம் கொடுத்துப் பேசுகிறார்கள்? போவதாகக் கையெழுத்துப் போட்டவர்கள் ஊர் முழுக்க. இருக்கிறேன் என்றவர்கள் நாங்கள் ஒரு கைப்பிடி. கீழ்வீட்டு வீகில் போன வாரமும் என் ஜன்னலில் கல்லை விட்டான். "துரோகிக் கிழவி, இத்தாலிக்காரன் சோளக்களி தொண்டையில எறங்குதா?" என்று ஒரே கத்தல். கையெழுத்துப் போட்டவன் இன்னும் மூட்டை கட்டவில்லை. வாய்ப்பேச்சில் மட்டும் பெர்லின் போய்ச் சேர்ந்துவிட்டான்.

விஷயத்துக்கு வருகிறேன். நம் மேனாவைப் பார்க்கத் தெற்கே மனநோய் ஆஸ்பத்திரிக்குப் போனேன். அவள் கட்டிலில் வேறு யாரோ படுத்திருந்தாள். வார்டில் இருந்த கன்னியாஸ்திரி சொன்னார்: "மே மாசக் கடைசியில ரயில் வந்துச்சும்மா. ஜெர்மனிக்குன்னு கையெழுத்தான நோயாளிங்க எல்லாரையும் ஏத்திட்டாங்க. எங்க போறோம்னே அதுங்களுக்குத் தெரியாது. உன் தங்கச்சி எனக்குக் கை ஆட்டிட்டுத்தான் போனா."

வலிப்பு வந்தால் நாக்கைக் கடித்துக்கொள்ளும் பெண்ணை யார் ஏற்றினார்கள், யார் பக்கத்தில் உட்கார்ந்தார்கள்? அவளுக்குக் காப்பாளன் நீ. உன் பெயரோடு அவள் பெயரையும் எழுதிக் கொடுத்தவன் நீ. அவள் எங்கே இருக்கிறாள்? இந்த ஒன்றுக்கு மட்டும் பதில் எழுது.

தேவமாதா உங்களைக் காக்கட்டும்.
நோட்பர்கா

*

இன்ஸ்ப்ருக்
14 ஜூலை 1940

அன்புள்ள அக்காவுக்கு,

ஆண்டவர் கிருபையால் எல்லோரும் நலம். உன் முழங்காலுக்குக் காட்டு ஆர்னிகாப் பூவைச் சாராயத்தில் ஊறவைத்துத் தேய். ஒத்தீலியா சொல்லச் சொன்னாள்.

எங்களுக்குப் புதுக் குடியிருப்பில் வீடு கொடுத்திருக்கிறார்கள். சமையலறைக்குள்ளேயே குழாய். திருகினால் தண்ணீர் கொட்டுகிறது. சின்னவன் நாள் முழுக்க அதைத் திருகி அம்மாவிடம் அடி வாங்குகிறான். இது தற்காலிகம்தான். பொஹீமியாவில் ஒரு பண்ணை தருவதாக வாக்குக் கொடுத்திருக்கிறார்கள். நம் செங்குத்து நிலம் மாதிரி இல்லையாம், தட்டையான கோதுமை மண்ணாம். பார்த்துவிட்டு வந்தவன் சொன்னான், "அடுப்புல இன்னும் சூடு இருந்துச்சுப்பா." அங்கே முன்பு யார் இருந்தார்கள் என்று நான் கேட்கவில்லை.

மேனா ஜெர்மனிக்குள்ளே ஸ்வாபியாவில் ஓர் ஆஸ்பத்திரியில் இருக்கிறாள். பெரிய கட்டடம், நல்ல டாக்டர்கள். நம் மொழி பேசுகிற இடம். பண்ணைக்கு வாரிசானவன் கல்யாணமாகாத கூடப்பிறந்தவர்களுக்குச் சாகும்வரை கூரையும் கஞ்சியும் தர வேண்டும் என்பது நம் வழக்கம். வீட்டை விட்டு வந்தவன் தங்கச்சியைத் தெருவில் விட்டு வந்தான் என்று நாளைக்கு ஒருவரும் சொல்லக் கூடாது. அதனால்தான் அவளையும் சேர்த்து எழுதினேன். நீ மனதைப் போட்டு அலட்டிக்கொள்ளாதே.

சாமியாருக்கு என் வணக்கம்.
தம்பி காசியன்

*

ஷ்னால்ஸ்
22 செப்டம்பர் 1940

அன்புள்ள தம்பிக்கு,

தோத்திரம். ஆர்னிகா தேய்த்தேன், கொஞ்சம் தேவலை. பிள்ளைகளுக்கு இருமல் வராமல் பார்த்துக்கொள், குழாய்த் தண்ணீரில் சும்மா விளையாட விடாதே.

மந்தை கோடை மேய்ச்சல் முடிந்து மலை தாண்டி வந்து சேர்ந்தது. இந்த வருஷம் இழப்பு குறைவு.

அந்த ஆஸ்பத்திரிக்கு இரண்டு கடிதம் போட்டேன். ஒன்றுக்கு மட்டும் பதில் வந்தது: "நோயாளி நலம். உறவினர் வருகை விரும்பத்தக்கதல்ல." இவ்வளவுதான். அவளுடைய பெயர்கூட இல்லை.

நல்ல டாக்டர்கள் என்றாய். போய்ப் பார்த்தாயா? ரொட்டியைப் பாலில் பிய்த்துப் போட்டு, பக்கத்தில் உட்கார்ந்து, "முழுங்கு மேனா, இன்னொரு வாய்" என்று சொல்ல வேண்டும். சொல்லாவிட்டால் வாயில் வைத்துக்கொண்டே சிரித்தபடி இருப்பாள். தட்டை எடுத்துக்கொண்டு போய்விடுவார்கள். இதை அங்கே யாரிடமாவது சொன்னாயா?

எல்லை தாண்ட எனக்கு வழி இல்லை. உனக்கு இருக்கிறது, அதே நாட்டில் இருக்கிறாய். ரயில் ஏறிப் போய்ப் பார். அவளைக் கையோடு கூட்டிக்கொண்டு வா. குழாய் இருக்கிற வீட்டில் ஒரு மூலை இல்லாமலா போகும்?

அக்கா நோட்பர்கா

*

இன்ஸ்ப்ருக்
6 ஜனவரி 1941

அன்புள்ள அக்காவுக்கு,

மூன்று ராஜாக்கள் திருநாள் வாழ்த்து. தாமதத்துக்கு மன்னிக்கவும். நவம்பரில் எனக்குக் காய்ச்சல், பிறகு ஒத்தீலியாவுக்கு. இப்போது எல்லோரும் எழுந்து நடமாடுகிறோம். நீ சுகம்தானே?

கிறிஸ்துமஸுக்கு முட்டை கிடைத்தது. பெரியவளுக்கு முன்பல் விழுந்துவிட்டது, சிரித்தால் நம் அப்பா மாதிரியே இருக்கிறாள். பனி இடுப்பளவு. நான் ரயில்வே பட்டறையில் வேலை செய்கிறேன், வெயிலில் நிற்காத வேலை. நம் ஊர்க்காரர்கள் இங்கே நிறைய. ஞாயிறு மாலை சீட்டாட்டம். உள்ளூர்க்காரர்களுக்கு நம்மைப் பிடிக்கவில்லை. "வீட்டைப் புடுங்க வந்த விருந்தாளிங்க" என்கிறார்கள். போகட்டும்.

பண்ணை கொடுக்கும் கமிஷன் எங்களைக் கூப்பிட்டு விசாரித்தது. பற்களைப் பார்த்தார்கள், தலையை அளந்தார்கள். குடும்பத்தில் யார் யார், வம்சத்தில் நோய் உண்டா, கூடப்பிறந்தவர்கள் எத்தனை பேர் என்று வரிசையாகக் கேட்டார்கள். பதில் சொல்லிவிட்டு வந்தேன்.

உடம்பைப் பார்த்துக்கொள்.
காசியன்

*

ஷ்னால்ஸ்
2 பிப்ரவரி 1941

காசியனுக்கு,

தோத்திரம். நலம். நலமறிய அவா.

கூடப்பிறந்தவர்கள் எத்தனை பேர் என்று சொன்னாய்?

மேல்வீட்டு எர்ஹார்ட் நினைவிருக்கிறதா, மேனா போன அதே ரயிலில் போனவன்? விறகுக்கட்டையை ஒற்றைக் கையில் தூக்குகிறவன். புத்திதான் கொஞ்சம் மந்தம். போன வாரம் அவன் அம்மாவுக்குத் தாள் வந்தது. "நிமோனியா." அவள் என்னிடம் வந்தாள். நான் இருக்கிறேன் என்றவள், அவள் போகக் கையெழுத்துப் போட்டவள். ஒரு வருஷமாகப் பேச்சில்லை. பழைய செல்லப் பெயரால் கூப்பிட்டு, "புர்கல், அவனுக்குச் சளியே புடிச்சதில்லையேடி" என்று சொல்லிச் சொல்லி என் அடுப்படியில் உட்கார்ந்து அழுதாள்.

எனக்குப் பயமாக இருக்கிறது. இரவில் தூக்கம் இல்லை. உன் காலில் விழுகிறேன் என்று வைத்துக்கொள். போ.

நோட்பர்கா

*

ஃபென்ட் கிராமம்
29 ஜூன் 1941

அக்கா,

இது தபாலில் வரவில்லை, இடையன் பங்கிராஸ் கையில் வருகிறது. அதனால் எழுத வேண்டியதை எழுதுகிறேன். நம் பள்ளத்தாக்கு ஆடுகள் கோடையில் பனிமலை தாண்டி இந்தப் பக்கம் மேய வருவது எல்லைக்கல் நடுவதற்கு முன்பிருந்தே நடக்கிறது. இரண்டு அரசாங்கமும் மனிதனைத்தான் தடுத்தன, ஆட்டைத் தடுக்கவில்லை. நம் இடையர்களைப் பார்க்கவே ஃபென்ட் வரைக்கும் வந்தேன். பங்கிராஸ் உனக்குச் சுகம் என்றான். மந்தையின் வாடை மூக்கில் ஏறியதும் எனக்கு அழுகை வந்துவிட்டது.

கமிஷனிடம் ஒரு அக்கா என்று சொன்னேன். ஒரே ஒரு அக்கா, வேறு யாரும் இல்லை. வலிப்பு வம்ச நோய் என்று சட்டம். மேனாவைச் சொன்னால் பண்ணை இல்லை, அதோடு விடவும் மாட்டார்கள். என் பெரியவளைப் பிள்ளை பெறாதபடி அறுக்க எந்த மேஜையில் படுக்க வைப்பார்களோ என்று பயந்தேன். சொல்லிவிட்டேன்.

மே மாதம் போய்ப் பார்த்தேன். தூரத்து உறவு என்று சொல்லி உள்ளே போனேன். அக்கா, அவள் கையை என் இரண்டு விரலால் சுற்றிப் பிடிக்க முடிந்தது. அவர்கள் கொடுப்பது வெந்நீரில் முட்டைக்கோஸ். என்னைப் பார்த்ததும் எழுந்துகொள்ளப் பார்த்தாள், முடியவில்லை. "காசி, வீட்டுக்குப் போலாமா? நான் நல்ல பொண்ணா இருந்தேன்"ன்னு சொன்னா. பக்கத்துக் கட்டிலில் கிடந்தவளுக்கு உயிர் இருந்ததா என்று எனக்குத் தெரியாது. நான் கொண்டுபோன ரொட்டியைக் கொடுத்துவிட்டு வெளியே வந்துவிட்டேன்.

நீ எழுதுவதெல்லாம் என்னைக் கூண்டில் நிறுத்துகிற எழுத்து. நான் கேட்கிறேன். கையெழுத்துக்கு முந்தின இரவு சாமியார் வீட்டு வாசலில் நின்று, "அக்கா, மேனாவ நீ வெச்சுக்கறியா? உன் பேர்ல எழுதிடறேன், அவ இங்கயே இருக்கட்டும்"னு கேட்டேனே. நீ என்ன சொன்னே?

காசியன்

*

ஷ்னால்ஸ்
11 ஜூலை 1941

தம்பி,

உப்பு கொண்டு போகிற பங்கிராஸிடமே இதைக் கொடுத்தனுப்புகிறேன்.

"வாரிசு நீ. கூரை போடறது உன் கடன். நாட்ட விட்டு ஓடறவனுக்குப் பாரம் கொறைக்க நான் ஆளில்ல"ன்னு சொன்னேன். சொல்லிவிட்டுக் கதவைச் சாத்தினேன். நீ போகக் கூடாது என்பதற்காகச் சொன்னேன். அவளைக் காட்டினால் கால் பின்னும், இருந்துவிடுவாய் என்று நினைத்தேன். வழக்கத்தைப் பிடித்து இழுத்தேன், கயிறு அவள் கழுத்தில் விழுந்தது. இதற்கு மேல் இதைப் பற்றி எழுத எனக்குத் தெம்பில்லை.

இப்போது கேள். செப்டம்பர் நடுவில் மந்தை திரும்பும். அவளை எப்படியாவது ஃபென்ட் வரை கொண்டு வந்து சேர். பங்கிராஸ் முதுகுச் சட்டத்தில் வைத்துக் கட்டிச் சுமந்து வருகிறேன் என்று சத்தியம் செய்திருக்கிறான். "பனியில நாலு மணி நேரம். அவ தாங்குவாளான்னு எனக்குத் தெரியாது. அங்க கெடந்தா தாங்கமாட்டான்னு நீதான சொல்ற?" என்றான். சாமியாரிடம் சொல்லிவிட்டேன். மாடி அறையைப் பெருக்கி வைக்கச் சொன்னார்.

அடுத்த மாசம் என்று தள்ளாதே. இனித் தபாலில் எழுதினால் ஆட்டைப் பற்றி எழுதுவது போல எழுது. நொண்டி ஆடு என்றால் மேனா. பண்ணையா அவளா என்று நான் கேட்கவில்லை. எனக்குக் கேட்க வாய் இல்லை.

புர்கல்

*

இன்ஸ்ப்ருக்
20 ஆகஸ்ட் 1941

அன்புள்ள அக்காவுக்கு,

எல்லோரும் நலம். நீ நலமா?

நொண்டி ஆட்டைப் பற்றிக் கேட்டிருந்தாய். பட்டிக்காரன், சொந்தக்காரன் நேரில் வந்து தன் பெயரைச் சொல்லிக் கையெழுத்துப் போட்டால்தான் அவிழ்த்து விடுவேன் என்கிறான். போட்டால் விஷயம் மேலே போகும். ஒத்தீலியாவிடம் சொன்னேன். மறுநாள் காலையில் தன் கம்பளிச் சால்வையை எடுத்து மேஜை மேல் வைத்து, "ஆட்டுக்குக் குளிருமில்ல?" என்றாள்.

கோதுமை மண் நமக்குக் கொடுத்து வைக்கவில்லை என்று வைத்துக்கொள்.

எனக்குப் பட்டாளத்து அழைப்பு வந்துவிட்டது. அக்டோபரில் போக வேண்டும். அதற்குள் முடித்துவிடுகிறேன்.

காசியன்

*

இன்ஸ்ப்ருக்
3 அக்டோபர் 1941

அன்புள்ள அக்கா நோட்பர்காவுக்கு,

நலம், நலமறிய அவா. துக்கச் செய்தி எழுதுகிறேன், மனதைத் திடப்படுத்திக்கொள்.

நம் தங்கை ஃபிலோமேனாவை ஆஸ்பத்திரியிலிருந்து என் பொறுப்பில் மலைக்காற்றுக்காக அழைத்து வந்திருந்தேன். செப்டம்பர் பதினைந்தாம் தேதி ஃபென்டுக்கு மேலே பனிப்பாளத்தில் கால் வழுக்கி வெடிப்பில் விழுந்துவிட்டாள். உடல் கிடைக்கவில்லை. போலீஸ் என்னை இரண்டு வாரம் வைத்து விசாரித்துவிட்டு அனுப்பினார்கள். நாளை பட்டாளத்துக்குப் புறப்படுகிறேன்.

ஊர்க் கோவிலில் அவள் பெயரில் இறந்தோர் பூசை வைக்கச் சொல். எல்லோரும் அறிய வைக்கச் சொல்.

தம்பி காசியன்

*

ஷ்னால்ஸ்
14 ஜூன் 1942

என் தம்பி காசியனுக்கு,

தோத்திரம். மந்தை நாளைக் காலை புறப்படுகிறது. பங்கிராஸ் இதை ஃபென்டில் குடியேறியிருக்கிற ஒத்தீலியாவின் அண்ணனிடம் சேர்ப்பான். உன்னிடம் எப்படிச் சேரும் என்று தெரியாது. ஆனாலும் ஒன்பது மாதமாகத் தொண்டையில் நிற்பதை எழுதாமல் இருக்க முடியவில்லை.

நீ அவளைப் பங்கிராஸ் முதுகில் வைத்துக் கட்டிவிட்டு, திரும்பிப் பார்க்காமல் இறங்கினாயாம். பார்த்திருந்தால் கால் இந்தப் பக்கம் வந்திருக்கும் என்று அவன் சொன்னான். கூட வந்திருந்தால் ஒத்தீலியாவையும் பிள்ளைகளையும் விட்டிருப்பார்களா? எனக்குப் புரிகிறது. மேலே பனி கொட்டியது. எல்லைக்கல்லில் இத்தாலிக் காவல்காரன் ஆடுகளை எண்ணிவிட்டு, "முதுகில என்ன?" என்று கேட்டானாம். "நொண்டி ஆடு, சொறி புடிச்சது. தொட்டுப் பாக்கறீங்களா?" என்று பங்கிராஸ் குனிந்து காட்ட, அவன் பத்தடி தள்ளிப் போனானாம். நான் முழங்காலை இழுத்துக்கொண்டு பாதி மலை ஏறிக் காத்திருந்தேன். சால்வைக்குள் ஒரு முகம் இருந்தது. குழந்தை முகத்தளவுதான். உயிர் இருந்தது.

மாடியில் ஒளித்து வைத்து, பாலில் ரொட்டி பிய்த்துப் போட்டுப் போட்டு, கிறிஸ்துமஸுக்குத்தான் எழுந்து நின்றாள்.

பூசையைத் தள்ளிக்கொண்டே போனோம். ஆனால் மெரானோவில் போகிறவர்களின் கணக்கைப் பார்க்கிற ஜெர்மன் அலுவலகத்திலிருந்து, "பூசை இன்னும் ஏன் நடக்கவில்லை?" என்று கேட்டுவிட்டார்கள். தவக்காலத்துக்கு முன்னால் வைத்தோம். அலுவலகத்து ஆள் ஒருவன் முதல் பெஞ்சில் வந்து உட்கார்ந்தான். சாமியாருக்குப் பொய் சொல்ல மனமில்லை. "உசிரோட இருக்கறவங்களுக்கும் பூச வெக்கலாம் புர்கல், ஆண்டவருக்கு வித்தியாசம் தெரியும்" என்று தனக்குத்தானே சமாதானம் சொல்லிக்கொண்டார். மேனாவை வீட்டில் தனியே விட முடியுமா, அன்று காலையே ஒரு முறை வலிப்பு வந்திருந்தது. பூசைப்பொருள் வைக்கிற அறையில், கதவுக்குப் பின்னால் முக்காடு போட்டு உட்கார வைத்தேன். ஊரே வந்திருந்தது. போகிறவர்கள் இடப்பக்கம், இருக்கிறவர்கள் வலப்பக்கம், நடுவில் ஒரு ஆற்றளவு இடைவெளி.

சாமியார், "ஃபிலோமேனாவுக்காக வேண்டிக்கொள்வோம்" என்றார்.

கதவுக்குப் பின்னாலிருந்து, "இருக்கேன்!" என்று ஒரு சத்தம். தெளிவாக, சந்தோஷமாக. யாரோ தன்னைக் கூப்பிட்டதே அவளுக்குப் பெரிது.

கோவில் மொத்தமும் அந்தக் குரலை அறிந்தது. அலுவலகத்து ஆள் எழுந்து, "யாரது?" என்றான். ஒருவர் வாய் திறந்தால் போதும், அவளும் நானும் சாமியாரும் அன்றோடு சரி. அப்போது இடப்பக்கத்திலிருந்து வீகில் எழுந்தான். என் ஜன்னலில் கல்லை விட்ட அதே வீகில். அவன் சாவகாசமாக, "எம் பொண்டாட்டியோட அத்தைதாங்க. கெழவிக்கு மூளை கொழம்பிப் போச்சு. யார் பேரக் கூப்பிட்டாலும் தன் பேருன்னு எந்திரிக்கும். உக்காருங்க" என்றான். உட்காராமல் நின்ற அந்த ஆளின் தலைக்கு மேல், நேரம் காலம் இல்லாமல், தொண்டை கிழிய "அருள் நிறைந்த மரியே" என்று ஆரம்பித்தான். எர்ஹார்டின் அம்மா பிடித்துக்கொண்டாள். பிறகு இடப்பக்கம் முழுக்க, வலப்பக்கம் முழுக்க. மூன்று வருஷமாக ஒருவருக்கொருவர் காறித் துப்பிய வாய்கள் எல்லாம் சேர்ந்து போட்ட சத்தத்தில், மேனா இன்னும் இரண்டு முறை சொன்ன "இருக்கேன்" ஒருவர் காதிலும் விழவில்லை.

வெளியே வந்து வீகிலிடம் நன்றி சொல்லப் போனேன். "நான் ஒண்ணும் கேக்கல. எனக்குக் காது மந்தம். நீ துரோகிதான், அதுல மாத்தமில்ல" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டான்.

இதையெல்லாம் நீ சிரிக்க வேண்டும் என்றுதான் எழுதினேன். ஆனால் பிப்ரவரிக்குப் பிறகு உன்னிடமிருந்து ஒரு வரி இல்லை. ரஷ்யாவுக்குப் போட்ட கடிதங்கள் பிரிக்காமல் திரும்பி வருகின்றன என்று ஒத்தீலியா எழுதுகிறாள். செத்தான் என்றும் தாள் இல்லை, இருக்கிறான் என்றும் தாள் இல்லை. உனக்கும் இறந்தோர் பூசை வைக்கச் சொல்லி ஊரில் ஒருவர் சொன்னார். வைக்க மாட்டேன் என்று சொல்லிவிட்டேன். மேனா தினமும் ஜன்னலில் நின்று, "காசி வந்தாச்சா?" என்று கேட்கிறாள். மந்தையோட வருவான்டி என்று சொல்லி வைத்திருக்கிறேன். செப்டம்பரில் என்ன சொல்லுவேன்?

காசியன், உன் பெயரைச் சொல்லிக் கூப்பிடுகிறேன். எந்தப் பனியில் கிடந்தாலும் சரி, கை கால் இல்லாமல் இருந்தாலும் சரி. இருக்கேன்னு ஒரு வார்த்தை சொல்லுடா.

அக்கா
புர்கல்